நிறை என்றால் மாஸா, வெயிட்டா? சென்னையும் யாழ்ப்பாணமும் வேறு வேறு சொல்வது ஏன்?

உங்கள் கேள்வியை நான் புரிந்துகொண்டபடி முதலில் சொல்லிவிடுகிறேன். தமிழ்நாட்டுப் பாடத்திட்டத்தில், தமிழ் வழியில் பதினொன்றாம் வகுப்பு படிக்கிறீர்கள். புத்தகம் புரியாத இடங்களில் இலங்கை ஆசிரியர் ஒருவரின் யூடியூப் பாடங்களைக் கேட்கிறீர்கள். அவர் "நிறை ஒரு விசை, அதை நியூட்டனில்தான் சொல்ல வேண்டும்" என்கிறார். உங்கள் புத்தகமோ நிறையைக் கிலோகிராமில் சொல்லிவிட்டு, விசைக்கு எடை என்று பெயர் வைத்திருக்கிறது. இரண்டில் எது தப்பு என்று கேட்டிருக்கிறீர்கள், கூடவே கடைத் தராசு காட்டுவது இதில் எதை என்று ஒரு வரியும். எனக்கு என்னவோ நீங்கள் உண்மையில் கேட்க வந்தது வேறு என்று படுகிறது. இவ்வளவு அடிப்படையான ஒரு சொல்லே ஆளுக்கு ஆள் மாறுகிறது என்றால், மீதிச் சொற்களை எதை வைத்து நம்பிப் படிப்பது? அதற்கும் சேர்த்தே எழுதுகிறேன், கொஞ்சம் நீளும்.

இரண்டும் தப்பில்லை. ஆங்கிலத்தில் மாஸ் என்பதற்குத் தமிழ்நாட்டில் நிறை, இலங்கையில் திணிவு. வெயிட் என்பதற்குத் தமிழ்நாட்டில் எடை, இலங்கையில் நிறை. அதாவது நிறை என்ற ஒரே சொல் கடலின் இந்தப் பக்கம் ஒரு அளவுக்கும் அந்தப் பக்கம் இன்னொரு அளவுக்கும் பெயராக உட்கார்ந்திருக்கிறது. இரண்டு இடத்திலும் இயற்பியல் ஒன்றுதான், சமன்பாடும் ஒன்றுதான். பெயர்ப்பலகை மட்டும் இடம் மாறிவிட்டது.

இதை நான் கற்றுக்கொண்டது புத்தகத்தில் இல்லை. திருச்சியில் 20 வருஷத்துக்கு மேல் மேல்நிலை வகுப்புகளுக்கு இயற்பியல் நடத்தியவன் நான். ஒரு வருஷம் இலங்கையிலிருந்து வந்த மாணவி ஒருத்தி வகுப்பில் சேர்ந்தாள். முதல் தேர்விலேயே "மனிதனின் திணிவு 50 கிலோகிராம், ஆகவே நிறை 490 நியூட்டன்" என்று எழுதியிருந்தாள். நான் சிவப்பு மையால் இரண்டையும் அடித்து, ஓரத்தில் "திணிவு என்றால் என்ன?" என்று வேறு எழுதிவைத்தேன். அவள் சண்டை போடவில்லை. மறுநாள் தன் பழைய பாடப்புத்தகத்தைக் கொண்டுவந்து மேசைமேல் விரித்துவைத்துவிட்டு நின்றாள், அவ்வளவுதான். விடையில் ஒரு பிழையும் இல்லை, 50ஐ ஈர்ப்பு முடுக்கமான 9.8ஆல் பெருக்கினால் 490தான். நியூட்டன் என்று பக்கத்திலேயே எழுதியிருந்ததை நான் பார்க்கவே இல்லை, சொல்லை மட்டும் பார்த்துவிட்டு அடித்திருக்கிறேன். மதிப்பெண்ணைத் திருப்பிக் கொடுத்தேன். அன்றிலிருந்து அந்தப் புத்தகத்தை அவளிடம் இரவல் வாங்கி ஒரு நோட்டில் இரண்டு பத்தியாகச் சொற்களை எழுதி வைக்கத் தொடங்கினேன். இங்கே சொல்வதில் தமிழ்நாட்டுப் பக்கம் என் சொந்த வகுப்பறை அனுபவம். இலங்கைப் பக்கம் அந்த நோட்டும், பிற்பாடு நான் தேடிப் படித்த அவர்களுடைய பாடநூல்களும் மட்டுமே, நான் அங்கே பாடம் நடத்தியவன் இல்லை.

அந்தத் தேர்வுத்தாள் எனக்குக் கற்றுத் தந்த முதல் வழி இது: சொல்லைப் பார்த்துக் குழம்பினால் அலகைப் பாருங்கள். பக்கத்தில் கிலோகிராம் இருந்தால் பேச்சு மாஸ் பற்றியது, அதை அவர் எந்தப் பெயரால் அழைத்தாலும் சரி. நியூட்டன் இருந்தால் அது விசை. நிலாவுக்குப் போனால் மாறுமா என்று கேட்டுப் பார்ப்பதும் உதவும். பூமியில் 50 கிலோகிராம் உள்ளவர் நிலாவிலும் 50 கிலோகிராம்தான், ஆனால் இங்கே அவரைக் கீழே இழுக்கும் 490 நியூட்டன் அங்கே சுமார் 81 நியூட்டனாகக் குறைந்துவிடும். மாறாததை நாம் நிறை என்கிறோம், அவர்கள் திணிவு என்கிறார்கள். மாறுவதை நாம் எடை என்கிறோம், அவர்கள் நிறை என்கிறார்கள்.

சரி, ஒரே மொழியில் இப்படி ஆனது எப்படி? நிறை என்பது பழைய சொல். தொல்காப்பியத்தின் எழுத்ததிகாரத்திலேயே, அளவுக்கும் நிறைக்கும் பெயராக வரும் சொற்கள் எந்தெந்த எழுத்தில் தொடங்கும் என்று ஒன்பது எழுத்துகளைச் சொல்லும் நூற்பா இருக்கிறது. அங்கே அளவு என்றால் படி, மரக்கால் போல முகந்து அளப்பது, நிறை என்றால் தராசில் நிறுத்து அறிவது. நிறுப்பது நிறை, எடுப்பது எடை. இரண்டும் புழக்கத்தில் ஒரே வேலையைத்தான் செய்துவந்தன, கடைக்காரருக்கு அதற்குமேல் பிரிக்க வேண்டிய அவசியமும் இல்லை. மாஸ் வேறு, வெயிட் வேறு என்று பிரிக்க வேண்டிய தேவை நியூட்டனுக்குப் பிறகுதான் வந்தது. இது தமிழின் ஏழ்மை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள், ஐரோப்பாவிலும் இதே குழப்பம் இருந்தது. 1901இல் எடை, அளவுகளுக்கான மூன்றாவது பொது மாநாடு பாரிஸில் கூடியபோது, கிலோகிராம் என்பது மாஸின் அலகு, வெயிட் என்ற சொல் விசையின் வகையைச் சேர்ந்த அளவைக் குறிக்கும் என்று தீர்மானம் போட்டே தெளிவுபடுத்த வேண்டியிருந்தது. ஈர்ப்பு முடுக்கத்துக்கு 9.80665 என்ற திட்ட மதிப்பை நிலைநிறுத்தியதும் அதே தீர்மானம்தான்.

இரண்டு பொருளுக்குப் பெயர் வைக்க வேண்டிய இடத்தில் தமிழ்நாட்டார் கையில் ஏற்கெனவே இருந்த இரண்டு சொற்களையும் ஆளுக்கொன்றாகப் பங்கு போட்டுவிட்டார்கள். இலங்கையில் பழைய சொல்லைப் பழைய வேலைக்கே விட்டுவிட்டு, புதிய கருத்துக்குத் திணிவு என்று தனியாக ஒரு சொல் கொடுத்தார்கள். திணிந்திருப்பது, அடைந்து நிறைந்திருப்பது என்ற பொருளில். நடந்தது இது, ஆனால் ஏன் இப்படித் தேர்ந்தார்கள் என்று நான் சொன்னால் அது என் ஊகம் மட்டுமே. என் அபிப்பிராயம் கேட்டால் திணிவு நல்ல தேர்வு. தெருவில் யாரும் பேசாத சொல் என்பதால் அதற்குப் பழைய வாசனை எதுவும் இல்லை, மாணவன் அதைக் கேட்டதும் இது ஏதோ புதிது என்று நிமிர்ந்து உட்காருவான். நம் பிள்ளைகளுக்கு நிறையும் எடையும் ஒன்றாகவே ஒலிக்கும், பிளஸ் டூ முடித்தபிறகும் பலருக்குத் தெளியாது. அதே சமயம் நம்மவர்கள் செய்த பங்கீட்டிலும் ஒரு நியாயம் உண்டு, அது உங்கள் தராசுக் கேள்வியில்தான் தெரியும்.

இரண்டு தட்டுத் தராசை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு தட்டில் எடைக்கல், இன்னொன்றில் அரிசி. பூமி இரண்டையும் ஒரே அளவில்தான் இழுக்கிறது, அதனால் இழுவை இரண்டு பக்கமும் அடிபட்டுப் போய், மிஞ்சுவது மாஸை மாஸோடு ஒப்பிடுவதுதான். அந்தத் தராசை அப்படியே நிலாவுக்குத் தூக்கிக்கொண்டு போனாலும் அதே அரிசிக்கு அதே கல்தான் சரியாக நிற்கும். ஆகவே நிறுத்துப் பார்ப்பதை நிறை என்று அழைத்து அதை மாஸுக்குக் கொடுத்தது பொருத்தமாகவே இருக்கிறது. ஒரு பொருளைக் கையால் எடுக்கும்போது கை உணர்வது இழுவையை, அதற்கு எடை. இப்படி யோசித்துத்தான் வைத்தார்களா, தற்செயலா, அது வேறு விஷயம். சொல்லிக்கொடுக்கும்போது மட்டும் நான் இந்த வழியில்தான் சொல்வேன், மாணவர்கள் மறப்பதில்லை.

இப்போது கடைகளில் இருப்பது எலக்ட்ரானிக் தராசு. அதன் உள்ளே லோட் செல் என்ற உலோகத் துண்டு இருக்கிறது. மேலே பாரம் வைத்ததும் அது கண்ணுக்குத் தெரியாத அளவுக்கு வளைகிறது, வளைவதால் அதில் ஒட்டியிருக்கும் மெல்லிய கம்பியின் மின்தடை மாறுகிறது, அந்த மாற்றத்தைப் படித்து எண்ணாகக் காட்டுகிறது. ஆக அது உண்மையில் உணர்வது விசையை. ஆனால் முகப்பில் வருவது கிலோகிராம். தெரிந்த எடைக்கல்லை வைத்து முன்கூட்டியே சரிசெய்து, இவ்வளவு விசை என்றால் இவ்வளவு கிலோகிராம் என்று அதற்குச் சொல்லிவைத்திருக்கிறார்கள். இதில் ஒரு சிக்கல் உண்டு. ஈர்ப்பு முடுக்கம் நிலநடுக்கோட்டில் சுமார் 9.780, துருவத்தில் சுமார் 9.832, வித்தியாசம் கிட்டத்தட்ட அரை சதவீதம். நிலநடுக்கோட்டில் சரிசெய்த தராசைத் துருவத்துக்குக் கொண்டுபோய் ஒரு கிலோ சர்க்கரையை வைத்தால் 1005 கிராம் என்று காட்டும், சர்க்கரை ஒரு துளியும் கூடியிருக்காது. அவ்வளவு தூரம் போக வேண்டாம், சென்னையில் சரிசெய்த நுண்தராசை மறுபடி சரிசெய்யாமல் டெல்லியில் வைத்து 100 கிராம் தங்கம் நிறுத்தால், கணக்குப்படி 80 மில்லிகிராமுக்குச் சற்று மேலே கூடுதலாகக் காட்ட வேண்டும். காய்கறிக்கு இது ஒன்றுமே இல்லை, நகைக்கடைக்கு ஒன்றுமில்லை என்று சொல்லிவிட முடியாது. எந்த இடத்தில் பயன்படுத்துகிறோமோ அங்கேயே வைத்துச் சரிசெய்ய வேண்டும் என்பது இதனால்தான்.

ஆகவே உங்கள் ஒரு வரிக் கேள்விக்குப் பதில்: தராசு உணர்வது எடையை, காட்டுவது நிறையை, நம் சொற்களில். பிஸ்கட் பாக்கெட்டில் "நிகர எடை 100 கிராம்" என்று போட்டிருப்பதைப் பார்த்துவிட்டு இது தப்பாயிற்றே என்று என்னிடம் ஒவ்வொரு வருஷமும் ஒரு மாணவராவது கேட்பார். இயற்பியல் வகுப்பில் தப்பு, கடையில் தப்பில்லை. வியாபாரத்திலும் சட்டத்திலும் எடை என்ற சொல் பழைய பொருளிலேயே தொடர்கிறது, ஆங்கிலத்திலும் பாக்கெட்டில் வெயிட் என்றுதான் போடுகிறார்கள். அங்கே போய்த் திருத்த வேண்டாம். தேர்வுத்தாளில் மட்டும் கவனம்.

அலகைப் பார் என்று பெரிதாகச் சொன்னேனே, அது எல்லா இடத்திலும் கைகொடுக்காது. கைவிடும் இடம் ஒன்று உங்கள் பாடத்தில் சீக்கிரமே வரும், இயக்கவியலில். நம் புத்தகத்தில் ஸ்பீடுக்கு வேகம், திசையையும் சேர்த்துச் சொல்லும் வெலாசிட்டிக்குத் திசைவேகம். இலங்கையில் ஸ்பீடுக்குக் கதி, வெலாசிட்டிக்கு வேகம். கதி என்றதும் நமக்கு "என் கதி என்ன ஆவது" என்பதுதான் ஞாபகம் வரும், ஆனால் கதி என்றாலே செல்லுதல், நடை என்று பொருள் உண்டு. பிரச்சினை கதியில் இல்லை, வேகத்தில் இருக்கிறது. "வட்டப் பாதையில் சீராக ஓடும் பொருளின் வேகம் ஒவ்வொரு கணமும் மாறுகிறது" என்று ஒரு வாக்கியம். யாழ்ப்பாணத்தில் எழுதினால் முழு மதிப்பெண், திருச்சியில் எழுதினால் சுழி. அலகைப் பார்க்கலாம் என்றால் இரண்டுக்குமே மீட்டர் பர் செகண்டுதான். இங்கே திசையைத்தான் தேட வேண்டும். ஆசிரியர் அந்த அளவுக்கு அம்புக்குறி போடுகிறாரா, வடக்கு நோக்கி, மேல்நோக்கி என்கிறாரா, கூட்டல் கழித்தல் குறியைப் பற்றிக் கவலைப்படுகிறாரா என்று பாருங்கள். ஆமென்றால் அவர் சொல்லும் வேகம் உங்கள் திசைவேகம். இதே போல் பொருளைச் சுழற்றும் திருப்பு விசையின் அலகும் நியூட்டன் மீட்டர், ஒரு ஜூல் ஆற்றலும் ஒரு நியூட்டன் மீட்டருக்குச் சமம், ஆனால் இரண்டும் ஒன்றல்ல. ஆகவே அலகு என்பது முதல் வடிகட்டி மட்டுமே, எல்லாவற்றையும் அது பிரித்துக் கொடுத்துவிடாது.

மற்ற சொற்களில் பெரிய ஆபத்து இல்லை, பழகிவிட்டால் போதும். முடுக்கத்தை அவர்கள் ஆர்முடுகல் என்பார்கள், வேகம் குறைவது அமர்முடுகல். நம் அழுத்தம் அவர்களுக்கு அமுக்கம். நம் ஆற்றல் அங்கே சக்தி, நம் திறன் அங்கே வலு, முன்னதற்கு ஜூல், பின்னதற்கு வாட், இங்கே அலகு அழகாக வேலை செய்யும். வேதியியல் பக்கம் போனால் அணு நிறை அங்கே அணுத்திணிவு ஆகிவிடும், மோல் மூல் ஆகிவிடும். செய்முறை வகுப்பில் நமக்குப் பிழை, அவர்களுக்கு வழு. தமிழ் இலக்கணத்தில் திணை வழு, பால் வழு படித்தவர்களுக்கு இது உடனே பிடிபடும். ஒரு கருவியால் அளக்க முடிந்த மிகச் சிறிய அளவை நாம் மீச்சிற்றளவு என்கிறோம், அவர்கள் இழிவெண்ணிக்கை என்கிறார்கள். கேட்டதும் ஏதோ அவமானம் போல இருக்கும், இழிவு என்றால் அங்கே மிகக் குறைந்தது என்று மட்டும் பொருள். வெர்னியரில் 0.01 சென்டிமீட்டர், திருகு அளவியில் 0.01 மில்லிமீட்டர் என்று நீங்கள் மனப்பாடம் செய்திருப்பீர்களே, அதேதான்.

நேரத்துக்கான சொல்லைத் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதில் இடறியது இலங்கைக்காரர்கள் இல்லை, நாம்தான். செகண்டை நம் புத்தகங்கள் வினாடி என்று எழுதுகின்றன, இலங்கையில் செக்கன். செக்கனைப் பார்த்து இது என்ன அப்படியே கடன் வாங்கிவிட்டார்களே என்று நானும் ஒரு காலத்தில் சிரித்தவன். ஆனால் வினாடி என்பது பழைய நேரக் கணக்கில் ஏற்கெனவே ஒரு அளவின் பெயர். ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 60 வினாடி. நாழிகை 24 நிமிடம் என்பதால் ஒரு வினாடி என்பது இன்றைய 24 செகண்டு. பஞ்சாங்கத்தில் இன்றும் திதி முடியும் நேரத்தை நாழிகை, விநாடி என்று போடுவார்கள், அது 24 செகண்டு விநாடி. அதே வீட்டில் அதே நாளில் பிள்ளையின் இயற்பியல் புத்தகத்தில் இருப்பது ஒரு செகண்டு வினாடி. என் தாத்தா பஞ்சாங்கம் பார்ப்பவர், நான் ஸ்டாப் வாட்ச் வைத்து ஊசலாட்டம் எண்ணிக்கொண்டிருந்தபோது "20 அலைவுக்கு 40 வினாடி" என்று சத்தமாகச் சொன்னதைக் கேட்டுவிட்டு, "16 நிமிஷமா உட்கார்ந்திருக்கே?" என்றார். அவர் கணக்கு அவர் முறையில் சரி. கடன் வாங்கிய செக்கனுக்கு இந்தத் தொல்லையே கிடையாது, அது என்னவென்று தெரியாதவர் கேட்டுத் தெரிந்துகொள்வார், தெரியும் என்று நினைத்துத் தவறாகப் புரிந்துகொள்ள மாட்டார்.

தேர்வுக்கு வருவோம். உங்கள் தாளைத் திருத்துபவர் எங்கள் ஊர் ஆள்தான், நான் அன்று அடித்ததைப் போலவே அவரும் அடிக்கலாம். மறுநாள் பழைய புத்தகத்தை எடுத்துக்கொண்டு போய் அவர் மேசையில் விரிக்க உங்களுக்கு வழியில்லை. அதனால் எழுதுவது முழுக்க முழுக்க உங்கள் பாடப்புத்தகச் சொல்லிலேயே இருக்கட்டும்: நிறை, எடை, வேகம், திசைவேகம், முடுக்கம், ஆற்றல், திறன். எண்ணுக்குப் பக்கத்தில் அலகை ஒருபோதும் விடாதீர்கள், விடையில் சொல் சறுக்கினாலும் அலகைப் பார்த்து அரை மதிப்பெண் போடும் ஆசிரியர்கள் உண்டு, எல்லோரும் போடுவார்கள் என்று உறுதி சொல்ல மாட்டேன். யூடியூப் பாடத்தை நிறுத்த வேண்டாம். புரிய வைக்கும் ஆசிரியர் கிடைப்பதே கஷ்டம், இரண்டு சொல்லுக்காக அவரை விடுவதா? ஒரு நோட்டில் நடுவே கோடு கிழித்து, இடது பக்கம் அவர் சொன்ன சொல், வலது பக்கம் நம் சொல், கடைசியில் அலகு என்று எழுதிக்கொண்டே வாருங்கள். நாளாக ஆகப் புதிதாக எழுத வேண்டியது குறைந்துகொண்டே வரும், அந்த நோட்டை எடுக்காமலேயே காது தானாக மாற்றிக்கொள்ளத் தொடங்கிவிடும். வேகம் என்ற சொல்லுக்கு மட்டும் அந்தப் பழக்கத்தை நம்பாதீர்கள். அதை அவர் சொல்லும்போதெல்லாம் பாடத்தை ஒரு நொடி நிறுத்தி, திசை இருக்கிறதா என்று பார்த்துவிட்டு ஓடவிடுங்கள். நான் இன்றும் அப்படித்தான் செய்கிறேன்.